டீச்சர் காட்டாத செடி

"ஞாயிறு, காலை. மேகமூட்டம், மழை இல்லை. ஏழெட்டுப் பேர் வந்தோம். மயில் ஒன்று. கீரி ஒன்று, சந்தேகத்துக்குரியது. வெளியே வரும்போது டீச்சர் என் சட்டைப் பையைச் சோதித்தார். எதுவும் அகப்படவில்லை. அவருக்கு வருத்தம்."

ஓர் அக்டோபர் மாதத்தில் நான் எழுதிவைத்த நடைக்குறிப்பு இது. மூலத்தில் தேதியும் வருடமும் உண்டு. ஹைதராபாத் பாலாநகரில் ஒரு தொழிற்சாலையின் தரப் பரிசோதனைப் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் நான். தேதியில்லாத குறிப்பைக் குறிப்பாகவே மதிப்பதில்லை. இருந்தும் இங்கே விட்டுவிட்டேன். எங்கள் ஞாயிற்றுக்கிழமை நடைக்குழு எந்த வாரம் எங்கே போனது என்ற அட்டவணை இன்றும் இணையத்தில் கிடக்கிறது. தேதியைச் சொன்னால் இடத்தைச் சொன்னதாகிவிடும். இடம் ராமச்சந்திராபுரத்துக்கு இந்தப் பக்கமா அந்தப் பக்கமா என்பதைக்கூட நான் சொல்லப் போவதில்லை. செடியின் பெயரையும் எழுதப் போவதில்லை. சூரியகாந்திக் குடும்பம், மர நிழலில் வளர்வது, மஞ்சளாகப் பூப்பது, அரிது. இவ்வளவு போதும்.

இந்த அளவு ரகசியம் எனக்கு இயல்பில் இல்லை. டீச்சரிடமிருந்து தொற்றியது.

அவர் டவுன்ஷிப் பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சராக இருந்தவர். சொந்த ஊர் பொள்ளாச்சிப் பக்கம். கணவருக்குக் கனரகத் தொழிற்சாலையில் வேலை. கம்பெனி பஸ்ஸில் போய் வந்துகொண்டிருந்த மனிதர், நான் டீச்சரைச் சந்திப்பதற்கு முன்பே காலமாகிவிட்டார். ஓய்வு பெற்ற ஊழியர்கள் கூட்டுறவுச் சங்கம் வைத்து மனை வாங்கிக் கட்டிய ஒரு காலனியில் தனியாக இருந்தார். எத்தனையோ வருடம் ஹைதராபாத்தில் இருந்தும் அவர் பேச்சில் கொங்கு நாட்டு மரியாதை குறையவில்லை. உலகத்திலேயே மிக மரியாதையான சந்தேகம் அவருடையது. "ஏனுங்க, தப்பா எடுத்துக்காதீங்க, அந்தப் பையக் கொஞ்சம் தொறந்து காட்டிப்போடுங்க" என்பார். தப்பாக எடுத்துக்கொள்ள வேறு வழியே இருக்காது.

சின்ன உருவம். கைத்தறிச் சேலையைக் கணுக்காலுக்கு மேலே ஏற்றிச் செருகி, ஆண்கள் போடும் கேன்வாஸ் ஷூ போட்டுக்கொண்டு வருவார். நடையில் சத்தமே இருக்காது. பரீட்சை ஹாலில் பெஞ்சு வரிசைகளுக்கு நடுவே நடந்து நடந்து பழகிய நடை. குழுவில் எப்போதும் கடைசியாகத்தான் வருவார். வழி தெரிந்தவர் அவர்தான் என்பதால் முன்னால் வரச் சொல்லி ஒருமுறை கூப்பிட்டேன்.

"முன்னாடி நின்னா மூஞ்சி தெரியுமுங்க. பின்னாடி நின்னாத்தான் கை தெரியும்" என்றார்.

எங்கள் கைகள் எதையும் பறித்துவிடக் கூடாது, கிள்ளிவிடக் கூடாது, பாக்கெட்டில் போட்டுக்கொள்ளக் கூடாது. அதுதான் அவருக்குக் காவல் பணி. பாக்கெட்டோடும் முடிவதில்லை. உள்ளே நுழையும்போதே எல்லோருடைய போனையும் வாங்கி, படத்தில் இடத்தைப் பதிவுசெய்யும் வசதியை அணைத்துத் திருப்பிக் கொடுப்பார். தானே அணைத்துவிட்டதாகச் சொன்னவர்களின் போனைக் கட்டாயம் வாங்கிப் பார்ப்பார். வெளியே வரும்போது இரும்புக் கேட்டுக்கு அருகே நிறுத்தி ஒரு பழைய துணிப் பிரஷ்ஷால் ஷூ, பேன்ட், துப்பட்டா எல்லாவற்றையும் தட்டச் சொல்வார். ஒட்டிக்கொண்டு வந்த விதைகளை ஒரு கைக்குட்டையில் சேகரித்து, முடிச்சுப் போட்டு, தன் பையில் வைத்துக்கொள்வார். அந்த முடிச்சு அப்புறம் எங்கே போகிறது என்று எங்களில் யாரும் கேட்டதில்லை. கேட்கலாம் என்றே தோன்றவில்லை. சோதனை போடுபவரை யார் சோதிப்பார்கள்?

யாராவது எதையாவது பார்த்ததாகச் சொன்னால் உடனே, "நீங்க பாத்தீங்களா, இல்ல சொன்னாங்களா?" என்பார். பார்த்தேன் என்றால், சூரியன் எந்தப் பக்கம் இருந்தது, அது திரும்பியதா, நீங்கள் கண்ணாடி போட்டிருந்தீர்களா என்று தொடரும். ஒரு வங்கி அதிகாரி ஆந்தையைப் பார்த்ததாகச் சொல்லி, இந்தக் கேள்விகளின் முடிவில், அது ஆந்தையாக இல்லாமலும் இருக்கலாம், மரமாகவும் இருக்கலாம் என்ற இடத்துக்கு வந்து சேர்ந்தார். அடுத்த வாரம் அவர் வரவில்லை.

இன்னொருமுறை ஒரு கம்ப்யூட்டர் இளைஞர் குழுவின் வாட்ஸப்பில் ஒரு மஞ்சள் பூவின் படத்தைப் போட்டு, நம் காட்டில் எடுத்தது என்று எழுதினார். எல்லோரும் கைதட்டும் பொம்மைகளை அனுப்பினோம். டீச்சர் படத்தைப் பெரிதாக்கி, இலையின் மேல் இருந்த ஒரு துளித் தண்ணீரை மட்டும் வெட்டி, திரும்பக் குழுவில் போட்டார். துளிக்குள் பால்கனிக் கம்பிகள் வரிசையாகத் தெரிந்தன. கீழே ஒரு வரி: "காடு எந்த மாடியிலங்க இருக்குது?"

நாங்கள் அன்று ரொம்பச் சிரித்தோம். ஏமாற்றுவதற்கு எத்தனை வழி உண்டோ அத்தனையும் அவருக்குத் தெரியும் என்று பெருமையாகப் பேசிக்கொண்டோம். என் மனைவிதான், "இவ்வளவும் தெரிஞ்சவங்ககிட்டக் கொஞ்சம் ஜாக்கிரதையாவே இருங்க" என்றாள். அவள் விளையாட்டாகச் சொன்னாள். நான் அதை மறக்கவில்லை.

காடு என்று நான் சொல்வது அந்தக் காலனிச் சங்கத்துக்குச் சொந்தமான நிலத்தின் ஒரு மூலை. யானை யானையாகப் பாறைகள். அவற்றின் இடுக்கில் வேம்பு, புரசு, வெப்பாலை, நிறைய சீத்தா மரங்கள். சரிவாக இருந்ததால் மனை பிரிக்கவில்லை. அப்படியே விட்டதால் காடாகிவிட்டது. சங்கம் அனுமதித்த ஞாயிறுகளில் நாங்கள் உள்ளே நடப்போம். பார்த்ததை நான் பட்டியலில் ஏற்றுவேன். ஒரே ஒருவர் பார்த்ததை ஏற்றக் கூடாது என்பது டீச்சர் போட்ட விதி.

அந்த அக்டோபரில் டீச்சர் தன் போனில் ஒரு படத்தை எனக்கு மட்டும் காட்டினார். முழங்கால் உயரச் செடி. தண்டைப் பிடித்துக்கொண்டிருப்பதுபோல் இலைகள். உச்சியில் லேசாகத் தலைகுனிந்த மஞ்சள் பூ. பின்னணியில் பாறை. தார்நாகாவில் தாவரவியல் ஆராய்ச்சியாளர் ஒருவர் எனக்குப் பழக்கம். தமிழர், நிதானமானவர். டீச்சரின் சம்மதத்தோடு படத்தை அனுப்பினேன். "நான் நினைக்கிறதாவே இருந்தா, கிழக்கு மலைக் காட்டுல நிழல்ல வர்ற செடி. இந்தப் பாறைக்காட்டுல இருக்கறதா எனக்குத் தெரிஞ்சு யாரும் எழுதினதில்லை. நேர்ல பார்க்கணும்" என்றார்.

டீச்சரிடம் சொன்னேன். "பாக்க வேண்டாமுங்க" என்றார். "பட்டியல்ல மட்டும் ஏத்திப்போடுங்க."

"ஒருத்தர் பார்த்ததை ஏத்தக் கூடாதுன்னு நீங்கதானே சொன்னீங்க?"

"மத்தவங்க பாத்ததைச் சொன்னேனுங்க."

ஏற்றினேன். 'பார்த்தவர்' என்ற இடத்தில் அவர் ஒருவர் பெயர்தான். பிறகு வீட்டில் உட்கார்ந்து, என் வழக்கப்படி பழைய குறிப்புகளைப் புரட்டினேன். கிழக்கு மலை என்றதும் ஒன்று நினைவுக்கு வந்தது. சில வருடங்களுக்கு முன் ஒரு குளிர்காலத்தில் எங்கள் குழு பஸ் பிடித்து அந்த மலைக்காட்டுக்குப் போயிருந்தது. திரும்பும்போது பஸ்ஸில் ஏறுவதற்கு முன் டீச்சர் எங்கள் எல்லோருடைய ஷூவையும் தட்டி, கைக்குட்டையில் முடிந்துகொண்டார். நான் அதை வேடிக்கையாக எழுதியே வைத்திருந்தேன். அந்தப் பயணம் முன்னால், செடி பின்னால். நடுவே ஒரு விதை முளைத்துப் பெருகப் போதுமான மழைகள். தேதிகள் ஒன்றோடொன்று பொருந்தின. தேதிகள் அவ்வளவு நன்றாகப் பொருந்தும்போதுதான் எனக்குப் பயம்.

காலனியின் வாட்ச்மேன் பழைய நகரத்துக்காரர், உருது பேசுபவர். அவரிடம் பேச்சோடு பேச்சாக, டீச்சர் இந்தப் பக்கம் அடிக்கடி வருவாரா என்று கேட்டேன்.

"ஹவ் சாப். கர்மி மே பி ஆத்தே" என்றார். வெயில் காலத்தில்கூட வருகிறார். "தோ பாட்டில் பானி லேக்கு அந்தர் ஜாத்தே. காலி லேக்கு ஆத்தே." இரண்டு பாட்டில் நிறையத் தண்ணீரோடு உள்ளே போகிறார், வெறும் பாட்டிலோடு வருகிறார். பிறகு என்னை ஏற இறங்கப் பார்த்து, "கைக்கு பூச்ரே சாப்?" என்றார். எதற்குக் கேட்கிறீர்கள் என்று அவருக்கும் சந்தேகம் வந்துவிட்டது.

மனைவியிடம் சொன்னேன். "தாகம் எடுத்திருக்கும்" என்றாள்.

"ஒரு ஆளுக்கு ரெண்டு பாட்டிலா?"

"ஹைதராபாத் வெயிலுக்கு மூணுகூடக் குடிக்கலாம். அவங்க உங்க பாக்கெட்டைச் சோதிக்கறாங்க, நீங்க அவங்க பாட்டிலைச் சோதிக்கறீங்க. நல்ல பொருத்தம்."

ஆனாலும் எனக்கு ஆறவில்லை. காட்டுச் செடிக்கு ஏப்ரல் மாதத்தில் யார் தண்ணீர் ஊற்றுவார்கள்?

இதையெல்லாம் நான் மனதுக்குள்ளேயே வைத்துக்கொண்டு சும்மா இருந்திருப்பேன். ஆனால் அடுத்த மழைக்காலம் முடியும்போது விஷயம் பெரிதாகிவிட்டது. அந்த மூலையில் பாறைகளை வெடிவைத்துத் தகர்த்து, கல்யாண மண்டபமும் கார் நிறுத்துமிடமும் கட்டுவதென்று சங்கம் முடிவெடுத்தது. எந்தெந்தப் பாறை போக வேண்டும் என்று வெள்ளைப் பெயின்டால் குறியும் போட்டாயிற்று. டீச்சர் சங்க உறுப்பினர். பொதுக்குழுவில் எழுந்து, அங்கே அரிய செடி ஒன்று இருக்கிறது, பாறையைத் தொடக் கூடாது என்றார். என்னையும் விருந்தாளியாகக் கூட்டிக்கொண்டு போயிருந்தார்.

செக்ரட்டரி தெலுங்குக்காரர், கெட்ட மனிதர் இல்லை. பொறுமையாகக் கேட்டுவிட்டு, "மொக்க உந்தண்டாரு டீச்சர்காரு, சரே. எவரு சூசேரு?" என்றார். செடி இருக்கிறது என்கிறீர்கள், சரி, யார் பார்த்தார்கள்?

டீச்சர் எங்களிடம் கேட்டுக் கேட்டுப் பழகிய கேள்வி.

கடைசியில் ஓர் உடன்பாடு ஏற்பட்டது. தாவரவியல் தெரிந்த ஒருவர் வந்து பார்த்து, செடி அங்கே வளர்கிறது என்று எழுத்தில் கொடுத்தால் மண்டபத்தை ரோட்டுப் பக்கம் நகர்த்திக்கொள்கிறோம். அடுத்த கூட்டத்துக்குள் தர வேண்டும். தராவிட்டால் அதற்கடுத்த திங்கள்கிழமை முதல் வெடி.

தார்நாகாக்காரரை நான்தான் அழைத்து வந்தேன். தோளில் பை; பைக்குள் செய்தித்தாள்களை அடுக்கி மரச்சட்டம் வைத்து பெல்ட்டால் இறுக்கிய, செடிகளை உலர்த்தும் ஓர் அமுக்குக் கட்டு; மண் கிளறும் சின்னக் கரண்டி. டீச்சர் அவரை வணங்கினார். பையைத் திறந்து காட்டச் சொல்லவில்லை. கரண்டியைப் பார்த்துவிட்டார் என்பது எனக்குத் தெரிந்தது. பிறகு, அத்தனை வருடத்தில் முதல்முறையாக, எங்களுக்கு முன்னால் நடந்தார்.

உண்ணிச்செடிப் புதர்களைச் சுற்றி, வேம்புகளைத் தாண்டி, வேலியோரமாகக் கொண்டுபோய் நிறுத்தினார். "இதுதானுங்க."

மஞ்சள் பூதான். தார்நாகாக்காரர் குனிந்து, லென்ஸை எடுத்து, நெடுநேரம் பார்த்தார். நிமிர்ந்தபோது அவர் முகத்தில் சங்கடம். "அம்மா, இது அந்தக் குடும்பம்தான். ஆனா ரோட்டோரம் எங்க பார்த்தாலும் வர்ற களைங்க. படத்துல பார்த்தது வேற மாதிரி இருந்துதே?"

"போட்டோவுல அப்படித் தெரிஞ்சிருக்குமுங்க" என்றார் டீச்சர், ஒரு தப்பான விடையைத் தானே ஒப்புக்கொள்ளும் மாணவியின் பணிவோடு.

அவர் வருத்தத்தோடு விடைபெற்றார். பார்த்ததைத்தான் எழுதித் தர முடியும் என்று என்னிடம் தனியே சொன்னார். ஆட்டோவில் ஏற்றிவிட்டுத் திரும்பி வந்தேன். டீச்சர் கேட்டருகே தன் ஷூவைத் தட்டிக்கொண்டிருந்தார்.

"அது இல்லையே, டீச்சர்."

"எதுங்க?"

"நீங்க எனக்குக் காட்டின படத்துல இருந்தது."

"அந்தக் கரண்டியப் பாத்தீங்களா?" என்றார். "வேரோட பேத்துப்போட்டு அட்டைக்குள்ள வெச்சு அமுக்கிருவாருங்க. அவருக்கு ஒரு தாளு, அதுல கீழ அவரு பேரு. எனக்கு அங்க ஒரு குழி. கண்டுபுடிச்சவங்க கையிலதான் எல்லாமே அழிஞ்சுதுங்க. நான் படிச்சிருக்கேன்."

"அவர் இல்லைன்னு எழுதிட்டாப் பாறையே போயிடும் டீச்சர். பாறை போனா எந்தக் குழிங்க?"

அவர் பிரஷ்ஷை நிறுத்தினார். அந்த முகத்தைப் பார்த்தபோது ஒன்று புரிந்தது: இதை அவர் யோசிக்கவே இல்லை. அத்தனை வருடப் பழக்கம், யோசனைக்கு முன்னால் ஓடிப்போய் வேலையை முடித்துவிட்டிருந்தது. திருடனுக்குத் தப்பு வழி காட்டுவதாக நினைத்து, உதவிக்கு வந்தவரைத் திருப்பி அனுப்பிவிட்டார்.

அப்படித்தான் அன்று நினைத்தேன். இரவு படுத்தபின் இன்னொரு யோசனை வந்தது. செடி வேரோடு போய்விடும் என்று பயந்தாரா, அல்லது வேரை அந்த மனிதர் பார்த்துவிடுவார் என்று பயந்தாரா?

மறுநாள் அவர் வீட்டுக்குப் போனேன். காபி கொடுத்தார். பின்பக்கத்தில் தொட்டிகள் வரிசையாக இருந்தன. கறிவேப்பிலை, தூதுவளை, துளசி, கற்றாழை. ஓரத்தில் ஒரு தொட்டியில் மண் மட்டும். விளிம்பு சுத்தமாகக் கழுவியிருந்தது. மண் ஈரம்.

"இதுல என்ன டீச்சர்?"

"மண்ணுங்க."

மேற்கொண்டு கேட்க அவர் இடம் வைக்கவில்லை. நான் தார்நாகாக்காரரிடம் பேசிவிட்டதாகவும், அவர் இன்னும் எழுதவில்லை, கூட்டத்துக்கே ஒருமுறை வர ஒப்புக்கொண்டிருக்கிறார் என்றும் சொன்னேன். டீச்சர் தலையை ஆட்டிக்கொண்டே இருந்தார். புறப்படும்போது வாசல்வரை வந்தார்.

"கூட்டத்தன்னைக்குக் காலைல வாங்க. தனியா வரோணும். போனை வீட்டுலயே வெச்சுப்போட்டு வாங்க."

"அணைச்சு வெச்சுக்கறேனே?"

"நக்கோங்க" என்றார், வேண்டாம் என்பதற்கு. இந்த ஊர் உருதுவும் அவர் ஊர் மரியாதையும் அப்படித்தான் அவர் வாயில் ஒட்டிக்கொள்ளும்.

போனேன். வெள்ளைக் குறி போட்ட பெரிய பாறை ஒன்றின் பின்புறம், உடம்பை ஒருக்களித்துத்தான் நுழைய முடியும். உள்ளே வெளிச்சம் பச்சையாக இருந்தது. புரச மரத்தின் நிழல். பாறையில் மழை தோண்டிய குழிகள். அவற்றில் மக்கிய இலை மண். அந்தக் குழிகளில் செடிகள் நின்றன. ஒரு கைவிரல்களில் எண்ணிவிடும் அளவுதான். எல்லாம் பூத்திருந்தன. படத்தில் தெரியாத ஒன்று நேரில் தெரிந்தது. பூக்கள் எல்லாம் ஒரே பக்கமாகக் குனிந்திருந்தன, நாங்கள் வந்து நின்ற இடுக்கைப் பார்த்து. வெளிச்சம் அந்த வழியாகத்தான் வருகிறது, காரணம் அவ்வளவுதான். ஆனாலும் உள்ளே நுழைந்ததும் யாரோ திரும்பிப் பார்த்ததுபோல் இருந்தது. நான் சந்தேகத்தோடு போனவன். கொஞ்ச நேரம் அது என்னிடம் இல்லை.

டீச்சர் பாறைமேல் உட்கார்ந்தார். "எத எடுக்கட்டுமுங்க?" என்றார்.

நான் குழி குழியாகப் பார்த்தேன்.

"அந்த மனுசன் கையில குடுக்காம ஒளிச்சு வெச்சேன். இப்ப நானே எடுக்கறேன். ஏனுங்க, வேற வழி இருந்தாச் சொல்லுங்க."

"அவரை இங்கயே கூட்டிட்டு வந்துடலாமே?"

"செக்ரட்டரி வருவாருங்க. பொறவு கமிட்டிக்காரங்க பூராப் பேரும் வருவாங்க. இந்த இடுக்குல எத்தன காலு வெக்கும்? ஒண்ணு போனாப் போவுதுங்க."

பையிலிருந்து தோசைத் திருப்பியை எடுத்தார். மூலைக் குழியில் இருந்த செடியின் முன் மண்டியிட்டார். நான் பின்னால் நின்றேன். அவர் முதுகுதான் தெரிந்தது, கை தெரியவில்லை. இரும்பு கல்லில் உரசும் சத்தம் கேட்டது. அவர் எழுந்தபோது செடி ஈரச் செய்தித்தாளுக்குள் இருந்தது. குழியை இலைச் சருகால் மூடியிருந்தார்.

கூட்டத்தில், செக்ரட்டரிக்கும் தார்நாகாக்காரருக்கும் நடுவே மேஜையில் செய்தித்தாளைப் பிரித்து வைத்தார். தார்நாகாக்காரர் லென்ஸை எடுத்தார். இலை, தண்டு, பூவின் அடிப்பக்கம். அவசரமே இல்லை. "இதுதான்" என்றார். முகம் மலர்ந்திருந்தது. பிறகு வேரைத் திருப்பினார்.

நான் எதிரே உட்கார்ந்திருந்தேன். வேர் ஒரு பக்கம் நேராக இறங்காமல் வளையல்போல வளைந்து ஒரு சுற்றுச் சுற்றியிருந்தது. தொட்டியில் வளர்ந்த செடியைப் பிடுங்கிப் பார்த்தவர்களுக்கு அந்த வளைவு தெரியும். அவர் விரல் அந்த வளைவோடு போய், ஓரிடத்தில் நின்றது.

"எங்கம்மா இருந்துச்சு?"

டீச்சர் சொன்னார். எந்தப் பாறை, எந்தப் பக்கம் நுழைவது, எந்த மரத்தின் நிழல், எத்தனையாவது குழி. யாரிடமும் சொல்லாததை, செக்ரட்டரி, கமிட்டிக்காரர்கள், டீ கொண்டுவந்தவர் எல்லோரும் கேட்க, வகுப்பில் கணக்குச் சொல்லித் தருவதுபோல் படிப்படியாகச் சொன்னார். சொல்லும்போது யார் முகத்தையும் பார்க்கவில்லை. எல்லோருடைய கைகளையும் பார்த்துக்கொண்டிருந்தார்.

தார்நாகாக்காரர் என் பக்கம் திரும்பினார். "நீங்க பார்த்தீங்களா, சார்?"

"நின்ன இடத்தைப் பார்த்தேன். மத்த செடிகளையும் பார்த்தேன். இதை எடுக்கும்போது பின்னால நின்னேன்."

"தானா முளைச்சதா?"

அறை முழுக்க என்னைப் பார்த்தது. டீச்சர் பார்க்கவில்லை. மலைப் பயணம், கைக்குட்டை முடிச்சு, இரண்டு பாட்டில், ஈர மண் எல்லாம் வாய்வரை வந்தன. அவற்றில் ஒன்றைக்கூட நான் இந்தச் செடியோடு பார்த்ததில்லை. பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன், அவ்வளவுதான்.

"முளைச்சதைப் பார்க்கலை" என்றேன்.

அவர் வேரை இன்னொருமுறை திருப்பிப் பார்த்தார். பிறகு எழுதினார். அந்த இடத்தில் அந்தச் செடி வளர்கிறது, பாதுகாக்கத் தகுந்தது என்று எழுதினார். 'இயற்கையாக' என்ற சொல்லை அவர் எழுதவில்லை. படித்த நான் கவனித்தேன். செக்ரட்டரி கவனித்தாரா தெரியாது. "சரே, டீச்சர்காரு. மண்டபம் ரோட்டுப் பக்கம்" என்று கையெழுத்துப் போட்டார். யாரோ கைதட்டினார்கள். தார்நாகாக்காரர் செடியை மெதுவாக அமுக்குக் கட்டுக்குள் வைத்து பெல்ட்டை இறுக்கினார். டீச்சர் அந்தச் சமயத்தில் மட்டும் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

மண்டபம் ரோட்டுப் பக்கம்தான் கட்டினார்கள். அதற்குப் பிறகு டீச்சர் எங்கள் நடைக்கு வருவது குறைந்தது. வந்தாலும் போன் கேட்பதில்லை, பை திறக்கச் சொல்வதில்லை. அவர் எங்களை நம்ப ஆரம்பித்துவிட்டார் என்று சிலர் சந்தோஷப்பட்டார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. ஊரெல்லாம் தெரிந்த இடத்துக்கு எதற்குக் காவல்? முட்டி வலி அதிகமாகி, வீட்டை விற்றுவிட்டுத் தம்பி வீட்டோடு பொள்ளாச்சிக்குப் போனார். ஒருமுறை போனில், தைரியத்தை வரவழைத்துக்கொண்டு, "டீச்சர், அந்தச் செடி நீங்க வெச்சதா?" என்று கேட்டேன்.

எதிர்முனையில் மின்விசிறி ஓடும் சத்தம். பிறகு, "மழை எப்படிங்க அங்க?" என்றார்.

பெய்கிறது என்றேன். "நல்லதுங்க" என்று வைத்துவிட்டார். அடுத்த கோடையில் அவர் தம்பி மகள் செய்தி சொன்னாள். தூக்கத்திலேயே போய்விட்டார்.

போன அக்டோபரில் தனியாக அந்தப் பாறைக்குப் பின்னால் நுழைந்தேன். அவர் போனபின் அங்கே யாரும் தண்ணீர் ஊற்றவில்லை என்று வாட்ச்மேன் உறுதியாகச் சொன்னார். நான் அதை அப்படியே ஏற்கவில்லை. செடிகள் இருந்தன. சில பழைய குழிகள் வெறுமையாக இருந்தன, சில புதிய குழிகளில் இளஞ்செடிகள். டீச்சர் எடுத்த மூலைக் குழியில் சருகை விலக்கிப் பார்த்தேன். உள்ளே பாறை கிண்ணம்போல வழவழவென்று உருண்டிருந்தது. இப்படிப்பட்ட கிண்ணத்தில் முளைத்த செடியின் வேர் கீழே போக வழியில்லாமல் வளைந்துதான் போக வேண்டும். தொட்டியில் வளர்ந்து இங்கே வந்த வேரும் அப்படித்தான் வளைந்திருக்கும். கண்ணால் பார்த்து வித்தியாசம் சொல்ல எனக்குத் தெரியவில்லை.

தெரிந்துகொள்ள ஒரு வழி இருக்கிறது. அந்தப் புதிய இளஞ்செடிகள் அவர் ஊரைவிட்டுப் போனபின் முளைத்தவை. யாரும் வைக்காதவை. அவற்றில் ஒன்றை வேரோடு எடுத்துப் பார்த்தால் போதும். வேர் வளைந்திருந்தால் டீச்சர்மேல் எனக்கு இருந்த சந்தேகத்துக்குப் பெரிய ஆதாரம் ஒன்று போய்விடும். நேராக இருந்தால் அது உறுதிப்படும். ஐந்து நிமிட வேலை.

குனிந்து, ஒரு செடியின் அடித்தண்டை இரண்டு விரலால் பிடித்தேன். மண் இளகியிருந்தது. லேசாக இழுத்தாலே வந்துவிடும்போல் இருந்தது. கொஞ்ச நேரம் அப்படியே பிடித்துக்கொண்டிருந்துவிட்டு விரலை எடுத்தேன். மண்ணைச் சுற்றி அழுத்திவிட்டு வெளியே வந்தேன்.

ஆகவே, அந்த மஞ்சள் பூச்செடி அங்கே தானாக வந்ததா, டீச்சர் கொண்டுவந்து வைத்ததா என்பது, இதை எழுதும் நாள்வரை சரிபார்க்கப்படவில்லை.